தொப்பைச் சிப்பாயின் நிழல் கோடுகள்

என் செல்ல மகனுக்கு அம்மா எழுதுவது. இங்கே எனக்கும் அப்பாவுக்கும் தங்கைக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை. நீ சுகமா என்று வழக்கமாக ஒப்புக்குக் கேட்பேன், இந்தத் தடவை உண்மையாகவே கேட்கிறேன், பதில் எழுதிவிட்டுத்தான் உனக்கு மற்ற வேலை.

நீ கேலிப்படம் போடுகிற பட்டாளப் பத்திரிகை இந்த வாரமும் வந்தது. உன் தொப்பைச் சிப்பாய் பதுங்குகுழியில் உட்கார்ந்திருக்கிறான், பக்கத்தில் குண்டு விழுகிறது, அவனோ எதிரியை விட்டுவிட்டு டீ கொட்டிப்போனதற்குத் திட்டுகிறான். தெருவே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. சலூன்காரர் எப்போதும்போலப் படத்தை வெட்டிக் கண்ணாடி ஓரத்தில் ஒட்டிவிட்டார், அந்தத் தொப்பை உன் அப்பாவுடையதுதான் என்று முடிவெட்ட வந்தவர்களெல்லாம் ஒரே கேலியாம். நானும் சிரித்துக்கொண்டேதான் நம் வீட்டுப் பத்திரிகையை அப்பாவிடம் நீட்டினேன். அவர் சிரிக்கவில்லை. பெயர்ப்பலகை எழுதுகிற மனிதர் அல்லவா, எழுத்தைப் படிக்கும் முன்னே கோட்டைத்தான் பார்ப்பார். ஜன்னல் பக்கம் கொண்டுபோய் உன் பழைய படங்களோடு வைத்துப் பார்த்துவிட்டு, நிழலுக்குப் போட்ட கோடெல்லாம் எதிர்ப்பக்கமா சாஞ்சிருக்கு, இது நம்ம பையன் கோடுதான், ஆனா வலது கையால போட்டதில்ல என்றார்.

பால் பொங்கி வழிந்ததுகூடத் தெரியாமல் நின்றேன், தங்கைதான் ஓடிவந்து அடுப்பை அணைத்தாள். போன கடிதத்தை உன் கூட்டாளி எழுதியிருந்தானே, உனக்குப் படம் போடவே நேரம் போதவில்லை என்று, அதை நம்பி ஊரெல்லாம் பெருமையடித்துக்கொண்டு திரிந்தேன். சும்மா விளையாட்டுக்குக் கைய மாத்திப் போட்டிருப்பான் என்கிறார் உன் பெரியப்பா. அவர் வாய்க்குச் சர்க்கரை போட வேண்டும், ஆனால் பெற்ற வயிறு கேட்கவில்லை. எங்களைச் சிரிக்க வைத்துவிட்டு நீ அங்கே பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தாயா? எங்களிடம் மறைக்க உனக்கு எப்படியடா மனசு வந்தது?

காயமா, கட்டுப் போட்டிருக்கிறார்களா, இல்லை கையே... அதற்கு மேல் எழுத எனக்கு வரவில்லை. எதுவானாலும் நீயே எழுது, கோணல் மாணலாக இருந்தாலும் பரவாயில்லை. வேளைக்குச் சாப்பிடு, சின்ன வயதில் செய்த மாதிரி மாத்திரையைத் தலையணைக்கு அடியில் ஒளிக்காதே. எப்படியாவது உயிரோடு வந்து சேர், அதுதான் என் ஆசீர்வாதம்.

மறந்துவிடாதே, கடிதத்தைத் தங்கை பெயருக்குப் போடு, அப்பாவிடம் நான் பக்குவமாகச் சொல்லிக்கொள்கிறேன். அவர் நேற்றிலிருந்து கடை திறக்கவில்லை. வலது கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு இடது கையால் வட்டம் போட்டுப் பார்த்துக்கொண்டே இருக்கிறார், இன்னும் ஒன்றுகூட ஒழுங்காக வரவில்லை.

இப்படிக்கு,
உன் பதிலுக்காக வாசலிலேயே நிற்கும்
அம்மா