சவுக்கைக்கு அந்தப் பக்கம் அக்கா வீடு

4 ஜூலை 1938, திங்கள்

விடியற்காலையிலிருந்து சாரல். துணி ஒன்றும் காயவில்லை. ஈர ரவிக்கையோடு பள்ளிக்கூடம். கூரை ஒழுகுவதால் இரண்டு வகுப்புக்கு ஒரே அறை, ஒரே டீச்சர். தொண்டை கட்டிவிட்டது.

மத்தியானம் மண்டி அண்ணாச்சி வந்தார். மலைச்சரக்கு வியாபாரம்: மிளகு, பாக்கு, சுக்கு. பள்ளிக் கமிட்டியிலும் இருக்கிறார். என் வேலை இன்னும் ஆக்டிங். நிரந்தரமாக அவர் கையெழுத்தும் வேண்டும்.

17-ம் தேதி குற்றாலத்தில் வியாபாரிகள் கூட்டம். மாகாணங்களும் சமஸ்தானங்களும் ஒரே சமஷ்டியாக, அதாவது கூட்டாட்சியாக, சேரும் திட்டத்தைப் பற்றி. சேர்ந்தால் திருவிதாங்கூர் தன் எல்லைச் சுங்கத்தை விடவேண்டுமா, வேண்டாமா? பத்திரிகையெல்லாம் இதே பேச்சு.

"டீச்சரம்மா சரித்திரம் படிச்சவுக. அமெரிக்காவுல இதே சண்டை வந்துச்சாமே? ஒரு மாகாணம் சுங்கச் சட்டத்தை ஏத்துக்கிட மாட்டேன்னு மல்லுக்கு நின்னு, ஜனாதிபதி பட்டாளத்தை அனுப்புதேன்னு மிரட்டுனாராமே? அதைச் சொல்லுங்க. பெரிய சர்க்கார் சொன்னா சின்ன சர்க்கார் கேட்டுத்தான் ஆகணும், செங்கோட்டைச் சவுக்கையை எடுத்துத்தான் ஆகணும்னு முடிச்சிருங்க. பத்து நிமிசம் போதும்."

தலையாட்டிவிட்டேன். எதற்கும் தலையாட்டுவது என் வியாதி.

வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது. அந்தச் சவுக்கையில், அந்தச் சுங்கச் சாவடியில்தான், அக்கா வீட்டுக்காரர் அத்தானுக்கு வேலை.

6, புதன்

பழைய கல்லூரி நோட்டுகளைப் பெட்டியிலிருந்து எடுத்தேன். கரையான் இல்லை, நல்லவேளை.

குறிப்பு: தெற்குக் கரோலினா. பருத்தி நாடு. வெளிநாட்டுச் சாமான்மேல் மைய சர்க்கார் போட்ட தீர்வை அவர்களுக்கு நஷ்டம். 1832: "இந்தச் சட்டம் எங்கள் எல்லைக்குள் செல்லாது." ஜனாதிபதி: "செல்லும். படை வரும்." கடைசியில் படையும் வரவில்லை. தீர்வையை வருஷா வருஷம் கொஞ்சமாகக் குறைப்பதாக ஒப்பந்தம். இரண்டு தரப்பும் ஜெயித்ததாகச் சொல்லிக்கொண்டன.

பரீட்சையில் இந்தக் கேள்விக்கு நல்ல மார்க் வாங்கினேன். அப்போது அது வெறும் கேள்வி.

நோட்டு அட்டையில் அத்தான் கையெழுத்து. காலேஜில் சேர்க்க அப்பா முதலில் சம்மதிக்கவில்லை. "கீழப்பாவூர்ல வயக்காட்டு வேலைக்கு பி.ஏ. எதுக்கு?" என்றார். அக்காதான் மூன்று நாள் சரியாகச் சாப்பிடாமல் இருந்து காரியத்தைச் சாதித்தாள். விண்ணப்பத்தில் கார்டியன் என்று அத்தான் கையெழுத்துப் போட்டார். ஒவ்வொரு தடவையும் ரயிலேற்றிவிட லீவு எடுத்தார். அந்த லீவுக்கெல்லாம் மேலதிகாரியிடம் என்ன பேச்சு வாங்கினாரோ, ஒரு நாளும் சொன்னதில்லை. எங்கள் குடும்பத்தில் எழுதப் படிக்கத் தெரிந்த முதல் பெண் நான் என்றால், அந்த இரண்டு பேரால்.

அவர் வேலை போகவேண்டும் என்று நான் மேடையேறிச் சொல்லவேண்டும்.

9, சனி

செங்கோட்டை பஸ். அத்தானிடம் நேரில் சொல்லிவிடுவது என்று புறப்பட்டேன். அம்மா ஒரு தூக்குச்சட்டியில் முறுக்கு கொடுத்துவிட்டாள். "அக்கா மாமியாருக்கு. கீழ போட்டுராத."

திருவிதாங்கூர் தொடங்குகிற எல்லையில் எப்போதும்போல் பஸ் நின்றது. அத்தான் காக்கிக் கோட்டோடு வந்தார், கையில் குத்தூசி. அரிசி மூட்டைக்குள் குத்திப் பார்த்தால் புகையிலை மறைத்திருப்பது தெரிந்துவிடும். எங்கள் பக்கம் புகையிலை மலிவு. அந்தப் பக்கம் தீர்வை அதிகம். பின்னால் குடையோடு புதிய இன்ஸ்பெக்டர் நின்றார்.

என்னைப் பார்த்ததும் அத்தான் கண்ணால் சிரித்தார். தூக்குச்சட்டியை மேலாகத் திறந்தார். மூடப்போனார். மூக்கு சுருங்கியது.

முறுக்குக்கு அடியில் வாழைமட்டையில் சுற்றி ஒரு பெரிய சிப்பம் புகையிலை.

"இது யாரு தூக்கு?"

"என்னுது."

"உள்ள என்ன இருக்குன்னு தெரியுமா?"

"தெரியாது."

பின்சீட்டுக் கிழவர்: "எல்லாரும் அதைத்தான் சொல்லுதோம்!" பஸ் முழுக்கச் சிரிப்பு.

இன்ஸ்பெக்டர் எட்டிப் பார்த்தார். "எந்தா சாரே, பந்துவோ?"

உறவா என்று கேட்கிறார். அத்தான் குத்தூசியைக் கீழே வைத்தார். பிறகு, "ஆமா சார். கொளுந்தியா. எழுதிக்கிடுதேன்" என்றார். என் பக்கம் திரும்பி, "பேர் சொல்லுங்க."

என்னை 'ஏட்டி கோமதி' என்று கூப்பிடுகிறவர்.

"கோமதி." குரல் எனக்கே கேட்கவில்லை.

"படிப்பு?" அதைக் கேட்கவேண்டிய அவசியம் இல்லை என்று நினைக்கிறேன்.

"பி.ஏ."

எழுதினார். தீர்வையும் அபராதமும் கட்டினேன். ரசீதும் புகையிலையும் திரும்பி வந்தன. பஸ் கிளம்பும்போது ஜன்னல் பக்கம் பார்க்கவே இல்லை நான்.

அதே நாள், அக்கா வீடு

அக்கா கதையைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். "ஏட்டி, இத்தனை வருசமா நீ கொண்டு வந்த எல்லாத் தூக்குலயும் இருந்துச்சு. இன்னைக்குத்தான் மாட்டுன."

"அம்மா சொல்லவே இல்லையே!"

"சொன்னா நீ கொண்டு வருவியா? முழிச்சே காட்டிக் குடுத்துருவ. சொந்த மாப்பிள்ளை நிக்குத எடத்துல யாரு திறந்து பாக்கப் போறான்னு அம்மைக்கு நம்பிக்கை."

சாயங்காலம் அத்தான் வந்தார். கோட்டைக் கழற்றி மாட்டினார். "எங்க அம்மை வாயில எப்பவும் புகையிலை இருக்கும். எங்கேருந்து வருதுன்னு நான் ஒரு நாளும் கேட்டதில்லை. சுங்கத்துக்காரன் லட்சணம்." அக்காவின் மாமியாரிடம் சிப்பத்தைக் கொடுத்தார். "இந்தா. தீர்வை கட்டுன சரக்கு. ருசியா இருக்கான்னு சொல்லு."

அந்த அம்மாள் ஒரு துணுக்கை மென்று பார்த்துவிட்டு, "சப்புன்னு இருக்கு" என்றாள்.

அந்தச் சிரிப்பிலேயே குற்றாலக் கூட்டத்தைச் சொல்லிவிட்டேன். சிரிப்பு நின்றது. அக்கா அடுப்படிக்குள் போனாள். உள்ளே பாத்திரங்கள் தேவைக்கு மேல் சத்தம் போட்டன.

அத்தான்: "அமெரிக்காவுல தீர்வையைக் குறைச்சாங்களே, அங்கன சவுக்கையில வேலை பாத்தவன் என்ன ஆனான்? உன் புஸ்தகத்துல இருக்கா?"

"பார்க்கணும் அத்தான்."

"பாரு. பேசாம இருன்னு நான் சொல்ல மாட்டேன். உன்னைப் படிக்க வச்சது வாயைக் கட்டிப்போட இல்லை. ஆனா பாத்துட்டுப் பேசு."

13, புதன்

பார்த்தேன். நோட்டில் இல்லை. தலைமையாசிரியை அம்மாவிடம் இரவல் வாங்கிய தடித்த புத்தகத்திலும் இல்லை. ஜனாதிபதி இருக்கிறார், செனட்டர்கள் இருக்கிறார்கள், பருத்தி மூட்டை இருக்கிறது. மூட்டையைப் பிரித்துப் பார்த்தவன் இல்லை.

இன்னொன்றும் தெரிந்தது. அங்கே தீர்வை வேண்டும் என்றது மைய சர்க்கார். வேண்டாம் என்றது மாகாணம். இங்கே தலைகீழ்: தீர்வையை விடமாட்டேன் என்பது சமஸ்தானம். அண்ணாச்சி சொன்னபடி முடித்தால் பொய்யாகிவிடும்.

இதைச் சொன்னால் என் வேலை? தெரியவில்லை. பேனா நிப் வேறு உடைந்துவிட்டது. தலைமையாசிரியை அம்மா கேட்காமலே தன்னுடையதைக் கொடுத்தார். இந்த வாரம் யாரைப் பார்த்தாலும் நன்றி சொல்லத் தோன்றுகிறது. பயத்தினாலோ என்னவோ.

17, ஞாயிறு

குற்றாலம். பெரிய அருவியில் ஏகக் கூட்டம், எண்ணெய் வாசனை. கடைத்தெருவுக்குப் பக்கத்துக் கொட்டகையில் கூட்டம். தகரக் கூரை. ஆண்கள் நூறு பேராவது இருக்கும். பெண் நான் ஒருத்தி, துணைக்கு அம்மா.

நான் எழுந்ததும் மழை பிடித்துக்கொண்டது. தகரத்தில் கூழாங்கல் கொட்டுவதுபோல் சத்தம். முதல் நாலு வரி யாருக்கும் கேட்கவில்லை. உட்கார்ந்துவிடலாம் என்று சந்தோஷமாகக்கூட இருந்தது. பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: "டீச்சரம்மா! வகுப்புல பிள்ளைகளை அதட்டுவீகள்லா, அந்த மாதிரி பேசுங்க!"

அதட்டினேன். இரண்டு வகுப்பை ஒரே அறையில் மேய்த்த குரல் எங்கிருந்தோ வந்தது. வெட்கப்பட்டுக்கொண்டு கத்த முடியாது என்று இன்றைக்குத்தான் தெரிந்தது.

சொன்னது: கரோலினா கதை. அது நம் கதைக்கு நேர் எதிர் என்பது. பட்டாளத்தால் தீரவில்லை, படிப்படியாகக் குறைத்துத்தான் தீர்ந்தது என்பது. சவுக்கை ஒரு நாள் போகத்தான் வேண்டும்; ஒரே மண்ணில் பிறந்த மிளகுக்கு நடுவில் கோடு வேண்டாம் என்பதும். இதற்குக் கைதட்டல். பிறகு: "அன்றைக்குச் சுங்கத்தில் வேலை பார்த்தவர்கள் என்ன ஆனார்கள் என்று தேடினேன். புத்தகத்தில் இல்லை. நம் கதையை எழுதும்போதாவது இருக்கட்டும். எடுக்கிற சர்க்காரே அவர்களுக்கு வேறு வேலை கொடுக்கட்டும்."

கைதட்டல் இல்லை. மழைதான்.

"சவுக்கைக்காரனுக்கு வக்காலத்தா?" என்று ஒருவர். உடனே வாசல் பக்கம் ஒரு வண்டிக்காரர்: "அவன் பிள்ளையும் கஞ்சி குடிக்கணும்லே! டீச்சர் சொல்லுததுல என்ன தப்பு?"

அண்ணாச்சி முகத்தைப் பார்க்கத் தைரியம் வரவில்லை. அம்மா மட்டும் பஸ்ஸில், "நல்லாத்தான் கத்துன" என்றாள். கையைப் பிடித்துக்கொண்டே வந்தாள்.

20, புதன்

அண்ணாச்சி வந்தார். குடையை மடக்காமலே நின்றார். "நான் சொன்னது ஒண்ணு, நீங்க பேசுனது ஒண்ணு."

"ஆமா அண்ணாச்சி."

"என் சம்சாரத்துட்ட போய்ச் சொன்னா, 'அந்தப் பிள்ளை சொல்லுததுதான் நியாயம்'ங்கா. வீட்டுலயே சமஷ்டி." சிரித்துவிட்டார். டெல்லிக்கு மனு போகவேண்டுமாம், நல்ல இங்கிலீஷில். "உங்க சமாச்சாரத்தையும் கடைசியில ஒரு வரி போட்டுக்கிடுங்க. ஒரே வரி."

வேலை விஷயம் நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. போகும்போது மட்டும், "அடுத்த வருசம் கூரையைச் சரி பண்ணிருதோம், நீங்க ரெண்டு வகுப்பு பாக்க வேண்டாம்" என்றார். அடுத்த வருசம் என்றார்! சாமிக்கு ஒரு தேங்காய்.

24, ஞாயிறு

செங்கோட்டை. தூக்குச்சட்டியை நானே கழுவி, நானே நிரப்பினேன்.

மனுவை அத்தானுக்கும் அக்காவுக்கும் தமிழில் சொல்லிக் காட்டினேன். கடைசி வரி: சுங்கம் எடுக்கப்பட்டால் சவுக்கை அதிகாரிகளுக்கு வேறு உத்தியோகம் அளிக்கவேண்டும்.

அக்கா முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். போன தடவை பாத்திரத்தை உருட்டியதற்கு அதுதான் மன்னிப்பு. என்னிடம் கேட்கத் தேவையே இல்லாதது.

அத்தான் யோசித்தார். "'அதிகாரிகள்'னு போட்டா நாங்க மூணு பேருதான். மூட்டை இறக்குதவன், வாட்ச்மேன், வாசல் பெருக்குத பொம்பளை எல்லாம் விட்டுப் போயிருவாங்க. 'வேலை பார்க்கும் எல்லாரும்'னு மாத்து."

எனக்கு ஏன் தோன்றவில்லை? அங்கேயே உட்கார்ந்து அடித்து எழுதினேன்.

"அந்தப் பெருக்குத பொம்பளை பேர் என்ன அத்தான்?"

அவருக்குத் தெரியவில்லை. பதினோரு வருஷம் ஒரே வாசல்.

அடுப்படியிலிருந்து அக்கா சொன்னாள்: "முப்பிடாதி."