எக்ஸ்ரே உறைக்குள் இருந்த நோட்டீஸ்

ஏங்க,

கோர்ட்டுக்குக் கிளம்பிவிட்டேன். சாப்பாடு அடுப்பு மேலேயே மூடியிருக்கிறது, சூடு பண்ணிச் சாப்பிடுங்கள். பாங்க் ஆட்கள் வீட்டைப் பூட்ட வந்து நின்றால் வாய்ச்சண்டை வேண்டாம். கதவுக்குப் பின்னால் ஒட்டியிருக்கும் தடை உத்தரவைக் காட்டுங்கள். இன்றைக்கு விசாரணை முடியும்வரை அது செல்லும்.

தவணை ஏன் நின்றது என்று காட்ட வக்கீலம்மா என் ஆஸ்பத்திரிக் காகிதங்களைக் கேட்டிருந்தார். காலையில் எடுத்தால் எக்ஸ்ரே உறைக்குள் பாங்க் நோட்டீஸ், பிரிக்காமலே! "ஒரு நோட்டீசும் வரல, என்னை நம்பு" என்று சத்தியம் பண்ணினீர்களே? அதை நம்பித்தான் நோட்டீசே வரவில்லை என்று மனுவில் கையெழுத்துப் போட்டேன். வீடு என் பெயரில். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தது நீங்கள், ஜட்ஜ் முன்னால் பொய்க்காரியாக நிற்பது நானா? அவர் கேட்பதற்குள் நானே சொல்லிவிடப் போகிறேன். தடை போனால் போகட்டும்.

சாவியை எதிர்வீட்டு அக்காவிடம் கொடுங்கள். மகள் பள்ளியிலிருந்து நேரே அங்கே போவாள்.

பி.கு.: செருப்பு மாட்டும்போதுதான் தபால் முத்திரையைப் பார்த்தேன். எனக்கு ஆபரேஷன் நடந்த வாரம். கட்டிலோரம் உட்கார்ந்து "வீட்ல எல்லாம் நல்லாத்தான் இருக்கு" என்றீர்களே, அப்போது இது உங்கள் பையிலா இருந்தது? அன்றைக்குச் சொல்லாததற்குத் திட்டமாட்டேன். அதற்குப் பிறகு எட்டு மாதம் இருந்ததே!

"கோர்ட் வாசலை மிதிக்க மாட்டேன்" என்று நேற்றுக் கத்தினீர்கள். நம் கேஸைக் கூப்பிடுவது இரண்டு மணிக்கு. வெள்ளைச் சட்டையை இஸ்திரி போட்டு நாற்காலியில் மாட்டியிருக்கிறேன்.