ஒரே ஒரு ஷாட் பாக்கி

மகா ஒளிப்பதிவாளரும், நேரம் கிடைக்கும்போது என் கணவருமான உங்களுக்கு,

வணக்கம். நாங்கள் இருவரும் நலம். உங்கள் நலத்தைப் பத்திரிகைப் பேட்டியில் படித்துத் தெரிந்துகொண்டேன். ‘நான் வெளிச்சத்தைத் தொந்தரவு செய்வதில்லை’ என்று அளந்திருக்கிறீர்கள். நம் வீட்டு ஜன்னலில் கறுப்புத் துணியை ஆணியடித்துவிட்டுப் போனது யார், பக்கத்து வீட்டுக்காரரா?

நம் வீட்டிலேயே எடுத்த சொந்தப் படத்தில் ஒரே ஒரு ஷாட் பாக்கி, பத்து நாளில் வந்துவிடுவேன் என்று சொல்லிவிட்டு அடுத்தவர் படத்துக்கு ஓடினீர்கள். அதுவரை வீட்டில் எதுவும் மாறக் கூடாது, நடித்த மகள் முடிகூட வெட்டக் கூடாது, முன்பு எடுத்ததோடு ஒட்டாமல் கன்டினியூட்டி கெட்டுவிடும் என்று உத்தரவு வேறு. ஒன்பது மாதம் ஆகிறது. இடம் மாறாமலிருக்க நாற்காலிக் கால்களைச் சுற்றி நீங்கள் அடையாளத்துக்கு ஒட்டிய டேப் உரிந்து பாதத்தில் ஒட்டுகிறது. நீங்கள் கூடத்துக்கு அடித்த அழுக்குப் பச்சையைப் பார்த்து என் அக்கா, ‘ஏண்டி, வீட்டை ஆஸ்பத்திரியா மாத்திட்டியா?’ என்று கேட்டாள். நான் ஈயென்று இளித்தேன்.

போன வாரம் மகளுக்கு முன்பல் விழுந்தது. போனில் சொன்னால், ‘மேல் பல்லா, கீழ்ப் பல்லா? வாயை மூடினா தெரியாதுல்ல?’ என்று கேட்கிறீர்கள். வலித்ததா என்று கேட்க உங்களுக்கு வாய் வரவில்லை. முகத்தில் எந்தப் பக்கம் நிழல் விழும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லுவீர்கள்; அது யார் முகம் என்பதுதான் மறந்துவிடுகிறது. போனை வைத்துவிட்டேன்.

நேற்று துணியைப் பிடுங்கி எறிந்தேன். நாற்காலிகளை இஷ்டத்துக்கு இழுத்துப் போட்டேன். நாளை வெள்ளையடிக்க ஆள் வருகிறார். உங்கள் கன்டினியூட்டி போயே போய்விட்டது. எனக்குத் துளியும் வருத்தமில்லை.

ஆனால் இவளை என்ன செய்வதென்று தெரியவில்லை. கத்தரிக்கோலைக் கண்டாலே ஓடுகிறாள். பள்ளிக்கூடத்தில் உயரம் அளக்கும்போது முழங்காலை மடக்கிக்கொண்டு நின்றாளாம். டீச்சர் என்னைக் கூப்பிட்டுச் சொன்னார். ஏன் அப்படிச் செய்தாய் என்று கேட்டேன். ‘நான் மாறிட்டா அந்த ஷாட் எடுக்க முடியாது. அப்புறம் அப்பா எதுக்கு வருவாரு?’ என்றாள்.

என்னை எவ்வளவு வேண்டுமானாலும் திட்டிக்கொள்ளுங்கள். வராவிட்டாலும் போகிறது. உங்கள் கைப்பட அவளுக்கு ஒரு வரி எழுதுங்கள், ‘நீ வளரலாம்’ என்று. நான் சொன்னால் நம்ப மாட்டேன் என்கிறாள்.

இப்படிக்கு,
உங்கள் மகளின் தாய்