கவுனை வெட்டியது நான்தான்

சித்லாலி,

அலமாரியைத் திறந்ததும் கத்தாதே. உன் பதினைந்தாம் பிறந்தநாள் கவுனை இரண்டு பக்கமும் அக்குள்வரை கத்தரியால் வெட்டியது நான்தான். எடை பார்க்கும் மிஷினையும் சுத்தியலால் அடித்து நொறுக்கிவிட்டேன். மாடியெல்லாம் கண்ணாடிச் சில்லு, செருப்பில்லாமல் போகாதே.

நேற்று பிறந்தநாள் விழாவுக்கான நடன ஒத்திகையில் மயங்கி விழுந்தாயே, "மூணு நாளா வெறும் எலுமிச்சத் தண்ணிதாம்மா" என்றாயே, அங்கிருந்து நேராகக் கவுன் தைத்த உன் அத்தை எஃப்ரோசினா வீட்டுக்குத்தான் போனேன்.

"வேணும்னுதான் சின்னதா தச்சேன். விழாவுக்குள்ள இளைச்சுக்கட்டுமே!" என்றாள்.

மல்யுத்த மேடையில் எதிராளியை மடக்குவதுபோல் அவள் கையைப் பின்னால் முறுக்கிச் சுவரோடு அழுத்தினேன். "எம்பொண்ணுக்குக் கவுன் தைடி. உன் கவுனுக்கு எம்பொண்ணத் தைக்காத!"

அடுப்பில் பீன்ஸும் முட்டையும் இருக்கிறது. மூன்று சோள ரொட்டியாவது சாப்பிடு. கட்டிலுக்கு அடியில் நீ ஒளித்து வைத்த கோலாவையும் சாக்கடையில் கொட்டிவிட்டேன். பட்டினியும் வேண்டாம், அந்தக் கருமமும் வேண்டாம். சாயங்காலம் நாயைக் கூட்டிக்கொண்டு ஓடிவிட்டு வா. உன் தொடை என் தொடையடி. இதை வைத்துத்தான் இன்று புவெப்லா ஊர் மல்யுத்தப் போட்டியில் ஒருத்தியைத் தூக்கி அடிக்கப் போகிறேன்.

அம்மா

பி.கு.: நாலு மணிக்கு அத்தை வருவாள், கவுனுக்குப் பக்கவாட்டில் துணி கொடுத்துத் தைக்க. கை வீங்கியிருக்கும், பாவம், காபி போட்டுக் கொடு.

இன்னொன்று. அவள் அளவெடுக்கும்போது வயிற்றை எக்காதே.