எறும்பு வராத மாவுக் கடை

திருப்போரூர்

அன்பு மகள் கீர்த்தனாவுக்கு அப்பா எழுதுவது. அந்த இந்தூர்க் குளிரில் நீ உடம்பைப் பார்த்துக்கொள்ள வேண்டும். இங்கே அம்மா, அபிஷேக், நான் மூன்று பேரும் இன்றைக்கு வரை சுகம்தான். அபிஷேக் நெம்மேலியில் வேலைக்குப் போகிறான், பைக்கை மட்டும் மெதுவாக ஓட்ட மாட்டேன் என்கிறான். நேற்று போனில், தீபாவளிக்கு அம்மா அனுப்பிய வடாமைத் தூக்கிப் போடு என்றேன். ஏன் என்று கேட்டாய். கடையில் வீட்டுக்காரர் கஸ்தூரிரங்கன் நின்றிருந்தார், அதனால் காரணம் சொல்லவில்லை. நீ சிரித்துக்கொண்டே சரி என்றாய். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை. அதற்காகத்தான் இந்தக் கடிதம். உன் கையெழுத்தும் வேண்டும்.

உனக்குத் தெரிந்ததுதான், இருந்தாலும் முதலிலிருந்து கேள். நான் டீசல் மெக்கானிக். மோட்டாரும் ஸ்பிரேயரும் தெரியும் என்பதற்காகப் பூச்சி மருந்து விற்க லைசென்ஸ் தர மாட்டார்கள், விவசாயம் படித்த ஆள் வேண்டும். அதனால் உன் பட்டத்தை வைத்து உன் பேரில் எடுத்தோம். நீ வேலைக்குப் போய்விட்டாய், கடையில் உன் பேர் மட்டும் கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்குகிறது. அந்த லைசென்ஸ் ஆளுக்கு மட்டும் இல்லை, இடத்துக்கும் சேர்த்துத்தான். வாடகை இடமென்றால் வீட்டுக்காரர் சம்மதம் எழுதித் தர வேண்டும். சாப்பாட்டுப் பொருள் இருக்கிற இடத்தில் மருந்து வைக்கவே கூடாது. சித்திரையில் கஸ்தூரிரங்கன், மருந்து வைக்கிற நம் கோடவுன் நடுவில் ஒரு பிளைவுட் தட்டியை அடித்து, அந்தப் பாதியை ஜெசிந்தாவுக்கு மாவு அரைக்க வாடகைக்கு விட்டார். நான் சத்தம் போட்டேன். நடுவிலேதான் தட்டி இருக்கே, அந்தண்டை என்ன நடந்தா உனக்கென்ன, ரொம்பப் பேசினா சம்மதமும் கிடையாது ஒண்ணும் கிடையாது, சாமானை எடுத்துண்டு கிளம்பு என்றார். எங்கே கிளம்புவது? புது இடத்துக்கு லைசென்ஸைத் திருத்தி வாங்கும்வரை அங்கே ஒரு பாட்டில்கூட வைக்க முடியாது.

போன வாரம் ஜெசிந்தா கடைக்கு வந்து, இன்னா ராசியான எடம்ணே இது, வடாம் புழிஞ்சி உள்ளயே காய வெக்கறேன், ஒரு எறும்பு வர்ல பாரு, பழைய வூட்ல மொய்ச்சிகினு கெடக்கும் என்று சந்தோஷமாகச் சொன்னாள். எறும்பு வராதது ராசியால் இல்லை. அவள் பக்கத்துச் சுவரில் கிரைண்டர் சூடு போக ஒரு எக்ஸாஸ்ட் ஃபேன் இருக்கிறது. அது காற்றை வெளியே தள்ளினால் அந்த அறைக்கு வேறு எங்கிருந்தாவது காற்று வந்தாக வேண்டும். ஒரு ஊதுபத்தியைக் கொளுத்தித் தட்டி இடுக்கில் பிடித்துப் பார்த்தேன். புகை மேலே போகவில்லை, படுத்துக்கொண்டு அவள் பக்கம் ஓடியது. நம் மருந்து வாடை முழுக்க எட்டு மாதமாக அவள் மாவின் மேல்தான் போய்க்கொண்டிருக்கிறது. அம்மா உனக்கு அனுப்பிய வடாமும் அவளிடம் வாங்கியதுதான்.

அவளிடம் சொன்னேன். உன் கடை ஓடலன்னா என் யாவாரத்துல ஏண்ணே மண்ண போட்ற என்று கத்தினாள். கண்ணில் நீர் வடிகிறதே என்றால் வெயில் என்கிறாள். வெளியே மழை கொட்டிக்கொண்டிருக்கிறது. இன்று காலையும் இரண்டு ஓட்டலுக்கு மாவு போனது.

நான் கடையைப் பூட்டிவிட்டேன். ஆனால் பூட்டினால் மருந்து போய்விடுமா, தட்டிக்குப் பின்னால் அப்படியே இருக்கிறது. செங்கல்பட்டில் விவசாய ஆபீசில் எழுதிக் கொடுத்துவிட்டேன், வந்து பார்க்கிறோம் என்றிருக்கிறார்கள். ஆனால் லைசென்ஸை ஒப்படைக்கவும், கம்பெனி மருந்தைத் திரும்ப எடுக்கவும் நீ கையெழுத்துப் போட வேண்டுமாம். இரண்டு தாளும் இதோடு இருக்கிறது, யோசிக்காமல் போட்டு அன்றைக்கே கூரியரில் அனுப்பு. யாராவது போனில் கேட்டால் உள்ளதைச் சொல், படிப்பு என்னுடையது, கடையில் நான் உட்கார்ந்ததே இல்லை என்று. என்னைக் காப்பாற்றப் பார்க்காதே. லைசென்ஸ் போனால் போகட்டும், ஸ்பேனர் இருக்கிறது, பிழைத்துக்கொள்வேன்.

அம்மா பிரிட்ஜில் இருந்த மாவைக் குழி தோண்டிக் கொட்டினாள். மூன்று பேரும் டெஸ்டுக்கு ரத்தம் கொடுத்துவிட்டு வந்திருக்கிறோம், வெள்ளிக்கிழமை சொல்வார்களாம். நீயும் போய்க் கொடு, வெட்கப்படாமல் டாக்டரிடம் நம் கடைப் பூச்சி மருந்துகளின் பேரோடு சொல். ரூமில் உள்ள பெண்களுக்கும் பொரித்துக் கொடுத்தேன் என்றாயே, அவர்களையும் கூட்டிக்கொண்டு போ.

நம் கோயில் கந்தசாமி உன் பக்கத்திலேயே இருக்கட்டும். நேரத்துக்குச் சாப்பிடு. தூக்கிப் போடுவதற்கு முன்னால் அந்த வடாம் டப்பாவைத் திறந்து பார். மூடி சரியாக மூடாது என்று நீதான் சொன்னாய். உள்ளே உயிரோடு ஒரே ஒரு எறும்பு இருந்தாலும் உடனே எனக்குப் போன் பண்ணு.

உன் அப்பா,
பரணிதரன்