உன் நேரலைக்கு வேறு பெயர் வைத்தார்கள், புஷ்பா

என் புஷ்பாவுக்கு,

நீ உயிரோடு இருந்தபோதே நான் அனுப்பும் நீளமான மெசேஜ்களை வாசித்ததில்லை. "வாயால சொல்லுடி, கண்ணு வலிக்குது" என்பாய். இன்றைக்கு மட்டும் பொறுத்துக்கொள். இதை எழுத்தில்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. நாலு பேர் வாசிக்கிற மாதிரியும் சொல்ல வேண்டியிருக்கிறது. அதனால் உன்னைத் தெரியாதவர்களுக்காக உன்னைப் பற்றியே உனக்குக் கொஞ்சம் சொல்லப் போகிறேன். கோபித்துக்கொள்ளாதே.

நீ புஷ்பராணி. றக்வானைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றின் மேல் டிவிஷனில் கொழுந்து பறித்தவள். நானும் நீயும் ஒரே லயத்தில், ஒட்டி ஒட்டிக் கட்டிய வரிசை வீடுகளில் வளர்ந்தோம். எங்கள் வீட்டில் மாதா படம், உங்கள் வீட்டில் முருகன் படம், நடுவில் ஒரே ஒரு சுவர். நான் கேகாலைக்கு வந்து துணிக்கடையில் வேலைக்குச் சேர்ந்தேன். நீ சிவகுமார் அண்ணனைக் கட்டிக்கொண்டு அங்கேயே இருந்தாய். அண்ணன் கொழும்பில் ஹோட்டல் சமையலறைக்குப் போய்விட்டார். வீட்டில் நீயும் அவருடைய தம்பி மோகனும். நீ வாழ வந்தபோது மோகன் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தான். அவனுக்குச் சோறு போட்டு, சட்டை துவைத்து, பரீட்சைக்குப் பஸ் ஏற்றி அனுப்பியது நீதான்.

மத்தியானக் கொழுந்து நிறுத்துப் போட்டு வந்து, அடுப்பங்கரையில் போனை நிறுத்தி வைத்து நீ லைவ் போக ஆரம்பித்ததை எத்தனை பேர் கேலி செய்தார்கள். கொழும்பிலும் குவைத்திலும் வேலைக்குப் போன நம் ஆட்கள்தான் முதலில் பார்த்தார்கள். நீ என்ன சமைத்தாய் என்பதைவிட, யார் வீட்டில் என்ன விசேஷம், கோயில் திருவிழா எப்போது என்றுதான் கேட்டார்கள். கையில் தேங்காய்ப்பால் வழிய நீ பதில் சொல்லுவாய்.

தலைப்பு மாற்றுவதுதான் உனக்குப் பெரிய தொல்லையாக இருந்தது. கையைத் துடைத்துக்கொண்டு போனைத் தொட்டால் கமரா ஆடும், சில நேரம் லைவே நின்றுவிடும். அப்போதுதான் அந்தத் தளத்தில், லைவைக் கவனித்துக்கொள்ள நாம் சேர்க்கிற மொடரேட்டர்களும் அதை மாற்றலாம் என்று வந்தது. என்னையும் மோகனையும் நீ மொடரேட்டர் ஆக்கினாய். எங்கள் திரையில் உன் தலைப்புக்குப் பக்கத்தில் ஒரு பென்சில் அடையாளம் வரும். அதைத் தொட்டால் தலைப்பு, எந்த வகை நிகழ்ச்சி, எந்த மொழி, என்னென்ன குறிச்சொற்கள், எல்லாம் திறக்கும். மாற்றிச் சேமித்தால் போதும், பார்க்கிற எல்லோருக்கும் மாறிவிடும். உன் திரையில் அடுப்பும் உன் முகமும்தான் தெரியும். மேலே நாங்கள் என்ன எழுதியிருக்கிறோம் என்று நீ தேடிப் பார்த்தால்தான் உண்டு. நீ தேடியதில்லை.

"ஸ்டெல்லா, மாத்துடி, உப்பு கூடிப்போச்சுன்னு போடு" என்று கரண்டியோடு கத்துவாய். நான் கடையில் சேலை மடித்துக்கொண்டே மாற்றுவேன். "எதுக்கு உள்ளத உள்ளபடி போடச் சொல்ற, யாரு வருவா?" என்று ஒருமுறை கேட்டேன். "வர்றவங்கள ஏமாத்தக் கூடாதுல்ல" என்றாய்.

அந்த மழை வந்தபோது மோகன் தோட்டத்து ஆபீசில் வேலைக்குச் சேர்ந்து அதிக நாளாகவில்லை. நீ அதற்குக் கோயிலில் பொங்கல் வைத்தாய். மழை விடாமல் பெய்து மலையில் வேலை நிறுத்தியிருந்தார்கள். லயத்துக்குப் பின்னால், நாம் சமைக்கிற குசினிகளின் சுவர்களை ஒட்டி மண் வெடித்திருப்பதைக் காலையில் கண்டது நீதான். ஆபீசுக்குப் போய்ச் சொன்னாய். ஆள் அனுப்பிப் பார்க்கிறோம் என்றார்கள். யாரும் வரவில்லை. மத்தியானம் குடையைத் தோளில் சாய்த்துக்கொண்டு, வெடிப்பைக் காட்டி லைவ் போனாய்.

"தம்பி, ஸ்டெல்லா, யாராச்சும் டைட்டில் போடுங்க. மண்ணு வெடிச்சிருக்கு, புள்ளைங்க இருக்கு, வந்து எடுங்கன்னு போடுங்க."

கடையின் பின்னறையில் நின்று அதை அப்படியே நான் போட்டேன். தெரிந்தவர்கள் எல்லோருக்கும் லிங்கை அனுப்பினேன். செய்திக்காரர்களுக்கும் அனுப்பினேன். கொஞ்ச நேரத்தில் குவைத்தில் வேலை செய்யும் நம் சரோஜா அக்கா போனில் கூப்பிட்டார்.

"என்ன புள்ள, மண்ணு சரியுதுன்னு அனுப்பிருக்க. தொறந்தா மழையும் மொளகு ரசமும்னு இருக்கு. வெளையாடுறீங்களா?"

பார்த்தேன். அப்படித்தான் இருந்தது. 'மழையும் மிளகு ரசமும்.' வகை சமையல் என்று மாறியிருந்தது. நான் போட்ட குறிச்சொற்கள் ஒன்றுமில்லை. என் கைதான் தவறாகப் பட்டுவிட்டதோ என்று திரும்பவும் மாற்றினேன். மீண்டும் ரசம் வந்தது. மோகனுக்கு அழைத்தேன், வெட்டினான். சாட்டில் எழுதினேன், எழுதியதும் காணாமல் போனது. உனக்கு அழைத்தால் போகவில்லை. லைவ் நடக்கும்போது அழைப்பு வராமல் நீ தடுத்து வைத்திருப்பாய். அனுப்பிய லிங்க் போன இடமெல்லாம் அந்தத் தலைப்போடுதான் போய்க்கொண்டிருந்தது. சமையல் வீடியோவை அந்த மழையில் யார் திறப்பார்கள்?

நடுவில் நீ கமராவைப் பார்த்துக் கேட்டாய், "தம்பி, டைட்டில் சரியா இருக்கா? ஒருத்தரும் வரக் காணோமே."

கீழே அவன் பதில் எழுதினான். "இருக்கு அண்ணி."

நீ தலையாட்டினாய், புஷ்பா. அவன் சொன்னதும் நிம்மதியாகத் தலையாட்டினாய். அதை நான் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு சிக்னல் போய் லைவ் நின்றது. கடைசியாக இருந்த தலைப்போடு அது பதிவாகிக் கிடந்தது.

யாரும் வராததால் நீயே வீடு வீடாகக் கதவைத் தட்டினாய். நடக்க முடியாதவர்களைத் தூக்க ஆள் பிடித்தாய். லயம் முழுவதையும் பாடசாலைப் பழைய கட்டிடத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தாய். பொழுது சாயும் முன் மலை இறங்கிக் குசினி வரிசையை மூடியது. நீ காலி செய்திருந்ததால் உள்ளே ஒருவரும் இல்லை. மறுநாளிலிருந்து பிள்ளைகளின் புத்தகம், யார் யாருடைய அடையாள அட்டை என்று அந்தச் சேற்றில் இறங்கி எடுத்து வந்ததும் நீதான். அதில்தான் உனக்கு எலிக்காய்ச்சல் வந்தது. சாதாரணக் காய்ச்சல் என்று பனடோல் போட்டுக்கொண்டு இருந்துவிட்டாய். இரத்தினபுரி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது சிறுநீரகம் கெட்டுவிட்டது என்றார்கள்.

மோகனிடம் நான் முன்பே கேட்டிருந்தேன். "போன் ஆபீஸ் மேசையில கெடந்துச்சுக்கா, யாரோ நோண்டிட்டாங்க" என்றான். உன் கட்டிலுக்குப் பக்கத்தில் அதைப் பேச எனக்கு மனம் வரவில்லை. நீ எழுந்து வந்த பிறகு பார்க்கலாம் என்று இருந்தேன். என்னை அடையாளம் கண்டு நீ கடைசியாகச் சொன்னது என்ன தெரியுமா? "மோகன் சாப்ட்டானான்னு பாரு."

உன் கருமாதி முடிந்த அன்று, பந்தி நடந்துகொண்டிருக்கும்போது, அவனைப் பாடசாலைக் கட்டிடத்துக்குப் பின்னால் கூட்டிப்போனேன்.

"யாரு நோண்டினாங்கன்னு சொல்லு மோகன். அண்ணி கேட்டதுக்கு 'இருக்கு'ன்னு எழுதினதும் அந்த யாரோதானா?"

நிலத்தைப் பார்த்தபடி சொன்னான், "சின்னத்தொர சொன்னாரு அக்கா. கொழும்புல இருக்க பெரியவங்க பாத்தா தோட்டத்துக்குக் கெட்ட பேருன்னாரு. வீடியோவ நிப்பாட்டச் சொல்லல. மேல இருக்கத மட்டும் மாத்துன்னாரு. அது அவ்ளோ பெரிய விசயமா தெரியல."

"அவ ஒன்னய நம்பித்தானே கேட்டா?"

"வேல போயிரும்னு பயந்துட்டேங்க்கா."

பயத்தை என்னால் புரிந்துகொள்ள முடிகிறது. நாமெல்லாம் பயந்துதானே வளர்ந்தோம். ஆனால் 'இருக்கு அண்ணி' என்று எழுதச் சொன்னது யார்? அதைத் தோட்டத்து உதவி மேனேஜரான சின்னத்துரை சொல்லவில்லை. அது அவனாக எழுதியது. நான் அங்கேதான் நிற்கிறேன், புஷ்பா, அதைத் தாண்டி என்னால் வர முடியவில்லை.

சிவகுமார் அண்ணனிடம் போனேன். உன் போன் அவரிடம் இருந்தது. மோகனை நீக்கவும், பதிவின் தலைப்பைத் திருத்தவும் அவரால் மட்டும்தான் முடியும். எல்லாவற்றையும் சொன்னேன். உன் போனைக் கையில் வைத்து உருட்டிக்கொண்டே கேட்டார். அழுதார். அவர் அழுததைப் பார்த்து, சரி, புரிந்துகொண்டார் என்று நினைத்தேன்.

"அவன் என் தம்பி, தங்கச்சி. இப்பதான் ஒரு எடத்துல ஒக்காந்திருக்கான். போனவ போயிட்டா. இத கிளறி யாருக்கு என்ன?"

"அவ உங்க பொண்டாட்டி அண்ணே."

மறுநாள் காலையில் உன் பக்கத்தைத் திறந்தேன். என் பெயருக்குப் பக்கத்தில் இருந்த மொடரேட்டர் அடையாளம் இல்லை. பென்சிலும் இல்லை. அவர் நீக்கியது என்னை. மோகனின் பெயர் அப்படியே இருந்தது.

அன்றைக்குக் கடையில் யாரோடும் பேசவில்லை. கூட வேலை செய்யும் குமாரி, கேகாலைச் சிங்களப் பெண், என்னைச் சாப்பிட இழுத்துப்போய் உட்காரவைத்து விசாரித்தாள். சொன்னேன். உன் லைவைப் போடச் சொல்லி முழுவதும் பார்த்தாள். அவளுக்குத் தமிழ் கொஞ்சம்தான் தெரியும். புரியாத இடத்தில் நிறுத்தி நிறுத்திக் கேட்டாள்.

அதற்குள் தோட்டத்தில் இன்னொன்று நடந்தது. குசினிகள்தான் போயின, முன்னறைகள் நன்றாக இருக்கின்றன, எல்லோரும் லயத்துக்குத் திரும்பலாம் என்று ஆபீசில் சொல்லிவிட்டார்கள். சனங்கள் மாட்டோம் என்றார்கள். பிரதேச செயலகத்திலிருந்து ஒரு அதிகாரி விசாரிக்க வருவதாகக் கேள்விப்பட்டு நான் லீவு போட்டேன். கேட்காமலே குமாரியும் லீவு போட்டுவிட்டு என்னோடு பஸ் ஏறினாள்.

பாடசாலைக் கட்டிடத்தில் கதிரை போட்டு விசாரணை நடந்தது. மண் சரியும் என்று முன்னால் யாரும் முறையிடவில்லை என்று சின்னத்துரை சிங்களத்தில் சொன்னார். தன் போனில் உன் பக்கத்தை எடுத்து அதிகாரியிடம் நீட்டினார். "அன்றைக்கு அந்தப் பெண் சமையல் லைவ் போயிருக்கிறாள். பாருங்கள், மிளகு ரசம்." அங்கே இரண்டு பேர் சிரித்தார்கள்.

நான் எழுந்தேன். "மேல எழுதியிருக்கத விடுங்க சேர். அவ பேசுறத கேளுங்க" என்று எனக்குத் தெரிந்த சிங்களத்தில் சொன்னேன். "முழுசா போடுங்க நங்கி" என்றார் அதிகாரி, தங்கச்சி என்று கூப்பிடுகிற மாதிரி.

போட்டேன். மழைச் சத்தத்துக்கு மேல் உன் குரல் அந்தக் கட்டிடம் முழுக்கக் கேட்டது. காலையிலேயே ஆபீசில் சொன்னதை, யாரும் வராததை, வெடிப்புக்குள் கையை விட்டுக் காட்டியதை, ஒவ்வொன்றாகக் குமாரி சிங்களத்தில் சொல்லிக்கொண்டே வந்தாள். பெண்கள் முந்தானையை வாயில் பொத்திக்கொண்டார்கள். "தம்பி, டைட்டில் சரியா இருக்கா?" என்று நீ கேட்டதையும் குமாரி அப்படியே சிங்களத்தில் சொன்னாள். அதிகாரி நிமிர்ந்து, "யார் இந்தத் தம்பி?" என்று கேட்டார்.

எல்லோரும் வாசலைப் பார்த்தார்கள். அங்கே மோகன் ஆபீஸ் பைல்களோடு நின்றான். அவனுக்குப் பக்கத்தில் சிவகுமார் அண்ணன்.

"தலைப்பை மாற்றியது யார்?"

மோகன் சின்னத்துரையைப் பார்த்தான். "தெரியாது சேர்" என்றான். உன் புருஷன் தலை குனிந்து நின்றார். உன் குரல் கேட்டு முடிந்த அந்த நிமிஷத்திலாவது அவர்களில் ஒருவர் வாய் திறப்பார் என்று நான் எதிர்பார்த்தேன். நீ இருந்திருந்தால் நீயும் எதிர்பார்த்திருப்பாய்.

அதிகாரி அதற்குமேல் அவர்களிடம் கேட்கவில்லை. மண்ணைச் சோதிக்கிறவர்கள் வந்து பார்த்துச் சொல்லும்வரை ஒரு குடும்பமும் அந்த லயத்துக்குத் திரும்பக் கூடாது என்று எல்லோர் முன்னாலும் சொன்னார். சின்னத்துரை கையெழுத்துப் போட வேண்டி வந்தது. வேறிடத்தில் வீடு கட்டக் காணி தருவார்களா, எப்போது தருவார்கள் என்பதெல்லாம் இன்னும் தெரியாது. இப்போதைக்கு யாரும் அந்த மலைக்குக் கீழே தூங்கவில்லை. உன்னிடம் சொல்ல எனக்கிருக்கிற ஒரே நல்ல செய்தி இது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் குமாரி கேட்டாள், "நீ ஏன் சொந்தமா ஒன்னு தொடங்கல?" அப்படித்தான் தொடங்கினேன். வரும் ஞாயிற்றுக்கிழமை பாடசாலைக் கட்டிடத்திலிருந்து என் முதல் லைவ். அங்கே இருக்கிற பெண்கள் அவரவர் வாயால் பேசப் போகிறார்கள்.

எல்லாம் தயார் செய்துவிட்டு, மொடரேட்டர் சேர்க்கிற இடத்துக்கு வந்ததும் கை நின்றுவிட்டது. யாரும் வேண்டாம், நானே பார்த்துக்கொள்கிறேன் என்று மூடி வைத்துவிட்டு எழுந்து போனேன். புஷ்பா ஏமாளி, அதனால்தான் இப்படியானது என்று இங்கே சிலர் சொல்கிறார்கள். யாரையும் நம்பாமல் மூடி வைப்பதால் நானும் அதையேதான் சொல்கிறேன் என்று பட்டது. அவர்கள் செய்ததற்கு உன்னைக் குற்றம் சொல்ல எனக்கு மனமில்லை. திரும்பப் போய்க் குமாரியின் பெயரைச் சேர்த்தேன். நான் சொல்லச் சொல்ல அவள் சிங்களத்திலும் தலைப்பு எழுதுவாள். ஆபீஸ்காரர்கள் வாசிக்கட்டும்.

மோகனை நான் மன்னிக்கவில்லை. மன்னிப்பேன் என்றும் உனக்கு வாக்குத் தர முடியாது. தரக்கூடிய வாக்கு இதுதான்: அந்தக் கட்டிடத்தில் பாய் விரித்துப் படுக்கிற கடைசிக் குடும்பத்துக்கு ஒரு வீடு கிடைக்கும்வரை, ஒவ்வொரு ஞாயிறும் நான் லைவில் இருப்பேன். தொண்டை கட்டினாலும் இருப்பேன்.

ஒரு சுவருக்கு அந்தப் பக்கம் பிறந்த உன் தங்கச்சி,
ஸ்டெல்லா