இரைச்சலை எடுத்துவிட்டேன்

என் செல்லத் தம்பி நிஜாமுக்கு,

போன இடத்தில் காது குளிர ஏதாவது கேட்கிறதா? மட்டாஞ்சேரியில் மழை விட்டு இரண்டு நாளாகிறது. உன் அறையை இன்னும் காலி செய்யவில்லை. ஒரு தப்புச் செய்துவிட்டேன், அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

கடைசியாக நாற்பது நிமிஷ நீளத்தில் ஒன்று செய்து முடித்தாயே. படகுத்துறைத் தூணிலும் மிளகுக் கிடங்கின் இரும்புக் கதவிலும் நம் வீட்டுப் பழைய ஃபிரிட்ஜிலும் மைக்கை ஒட்டி, அதிர்வைப் பிடித்து, கம்ப்யூட்டரில் அடுக்கிய அந்தப் பாட்டு. பாட்டு என்று நீதான் சொல்வாய். உன் கூட்டாளி ஜோசி அதைக் கிடங்கில் நாலு பேருக்குப் போட்டுக் காட்ட வேண்டும் என்றார். உன் பேர் கெடக்கூடாதே என்று, அது இருந்த மெமரி கார்டை பிராட்வே கடைத்தெருவில் ஒரு கடையில் கொடுத்து, இரைச்சலையெல்லாம் எடுத்துத் தரச் சொன்னேன். கல்யாண வீடியோவுக்கு அப்படித்தானே செய்கிறோம்?

கடைக்காரர் ஏதோ ஏஐ வைத்து ஐந்தே நிமிஷத்தில் துடைத்து, பழையதன் மேலேயே பதிந்து கொடுத்துவிட்டார். உன் கம்ப்யூட்டரோ நீ போன மறுவாரமே வேலியேற்றத்தில் கடல் பொங்கி வீட்டுக்குள் புகுந்த உப்புத் தண்ணீரில் செத்துப்போனது. வேறு பிரதி இல்லை.

ஜோசி கேட்டுவிட்டுத் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். "சேச்சி, அந்த இரைச்சல்தானே பாட்டு," என்றார். இந்தக் கழுதைக்குத் தெரியுமா கற்பூர வாசனை? உன்னை இரண்டாம் தடவை அடக்கம் செய்ததுபோல் அழுதேன் நிஜாம்.

பிறகு ஹெட்ஃபோன் மாட்டிக் கேட்டேன். ஒன்றுமே இல்லை. மனுஷக் குரலை மட்டும்தான் அந்த மெஷின் விட்டுவைக்குமாம். பாதிக்கு மேல் போனதும் திடீரென்று என் குரல்.

"சாயா ஆறுதுடா, குடிச்சிட்டுச் செய்."

ஃபிரிட்ஜைப் பதிவு செய்துகொண்டிருந்தபோது நான் டம்ளரோடு உள்ளே வந்த நாள் அது. பதிவின்போது யார் தும்மினாலும் எரிந்து விழுவாய். அன்றைக்கு நீ சொன்னது அப்படியே இருக்கிறது.

"பரவாயில்லக்கா. நீயும் இதுல இருந்துக்கோ."

வெட்டி எறிந்திருக்கலாமே, ஏன் எறியவில்லை?

மிச்சம் இருப்பதையே போடலாம் என்கிறார் ஜோசி. வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்து கிடங்கில் கூடுகிறோம். நீ இருந்தவரை உன் பாட்டு ஒன்றைக்கூட நான் கடைசிவரை கேட்டதில்லை. எனக்கு எப்போதும் அடுப்பில் ஏதாவது இருக்கும். இந்த நாற்பது நிமிஷமும் எழுந்திருக்க மாட்டேன்டா. இது சத்தியம்.

உன் பாட்டைத் துடைத்தவள்,
உன் பாட்டில் இருப்பவள்,
அக்கா ஜமீலா